சத்தம் வராத தாலாட்டு

டிசம்பர் 26, புதன்

நேற்று விடியற்கால ஆராதனைக்குப் போகவில்லை. காய்ச்சல். தெர்மாமீட்டர் 99 காட்டியது. 99 எல்லாம் காய்ச்சல் இல்லை என்றார் இவர். மின்வாரியத்தில் மீட்டர் ரீடிங் எடுத்து ரிட்டையர் ஆனவருக்கு எல்லா எண்ணும் தெரிந்துவிடாது.

பத்தொன்பது கிறிஸ்மஸ் நான் பாடிய தாலாட்டை நேற்று, பாடகர் குழுவுக்குப் புதிதாக வந்த ஹெப்சிபா பாடியிருக்கிறாள். குழுவை நடத்தும் எபனேசர் சார் என் குரலை மனதில் வைத்து எழுதிய பாட்டு அது. கடைசி அடி 'வைக்கோல் மணக்கும் தொட்டிலிலே தூக்கமே வா' என்று முடியும். அந்த 'வா' மேலே ஏறி, அங்கேயே நின்று, பிறகு இறங்க வேண்டும். பாளையங்கோட்டையில் அதற்கு ஒரு குரல்தான் உண்டு என்று சாரே சொல்லியிருக்கிறார். என்றைக்குச் சொன்னார் என்று கேட்டால், ஒரு பன்னிரண்டு வருஷம் இருக்கும்.

பால் வாங்கப் போன இடத்தில் ஒருத்தி, கேக் கொண்டு வந்தவள் ஒருத்தி, போனில் ஒருத்தி. மூன்று பேரும் ஒரே மாதிரிச் சொன்னார்கள். "அந்தப் பிள்ள 'வா'ன்னு இழுத்தப்போ உடம்பெல்லாம் புல்லரிச்சுட்டு டீச்சர்." மார்கழிக் குளிரில் யாருக்குத்தான் புல்லரிக்காது.

டிசம்பர் 30, ஞாயிறு

கோயிலில் நான்காவது ஆளும் சொன்னாள். சிரித்துக்கொண்டு கேட்டேன்.

ஜனவரி 5, சனி

ஒரு விஷயத்தை யாரும் யோசிக்கவில்லை. ஹெப்சிபா அந்தப் பாட்டை முழுக்குரலில் பாடி நான் கேட்டதே இல்லை. எங்கள் பாடகர் குழுவில் ஒரு வழக்கம் உண்டு. தனிப்பாடல் பாடுகிறவர் பிராக்டிஸில் வாய்க்குள் முணுமுணுத்துவிட்டு, தொண்டையை அந்த நாளுக்கென்று பத்திரப்படுத்துவார். அந்த வழக்கத்தைக் கொண்டுவந்தவளே நான். அவளும் டிசம்பர் முழுக்க முணுமுணுத்தாள். ஆகவே அவள் நன்றாகப் பாடினாள் என்பதற்கு ஊர்ப்பேச்சைத் தவிர என்னிடம் சாட்சி எதுவும் இல்லை.

சாட்சி இருக்கும் இடம் எனக்குத் தெரியும். எபனேசர் சார் ஒவ்வொரு கிறிஸ்மஸையும் தன் பழைய ஹேண்டிகேமில் எடுத்து வைப்பார், யார் எங்கே சுருதி விட்டார்கள் என்று பிறகு உட்கார்ந்து கேட்பதற்காக. இன்று அவர் வீட்டம்மாவிடம் போய், குழுவின் புதுச் சேலை வீடியோவில் எப்படி இருக்கிறது என்று பார்க்க வேண்டும் என்றேன். பள்ளிக்கூடத்தில் நான் தையல் டீச்சர், சேலை என்றால் யாரும் காரணம் கேட்க மாட்டார்கள். "பென் டிரைவ்ல கெடக்கு டீச்சர், கொண்டு போய் மெதுவா பாருங்க" என்று எடுத்துக் கொடுத்துவிட்டார்.

ஜனவரி 6, ஞாயிறு

இவர் வைத்திருக்கும் சின்னக் கம்பி ஒன்றில் பென் டிரைவைச் செருகி, மறு முனையை என் போனில் செருகினேன். உள்ளே இரண்டு ஃபோல்டர்கள். பெயர் கிடையாது, வெறும் எண்கள். ஒன்றைத் திறந்தால் 00001, 00002 என்று வரிசை. 00007-இல் ஹெப்சிபா நின்றாள். அதைப் போனில் ஏற்றிக்கொண்டேன்.

சத்தம் வரவில்லை.

படம் கண்ணாடி மாதிரி தெளிவு. அவள் வாய் திறக்கிறாள், மூடுகிறாள். கீழே ஒரு வரி: இந்த ஆடியோ வகையை இயக்க முடியாது. வால்யூமைக் கூட்டினேன், போனைத் தட்டினேன், ஜெபம் பண்ணினேன். ஒன்றும் நடக்கவில்லை. 'வா' வரும் இடத்தில் கழுத்து நரம்பு புடைக்கிறதா என்று பெரிதாக்கிப் பார்த்தேன். புடைக்கவில்லை. ஒன்று அவள் ரொம்பச் சுலபமாகப் பாடியிருக்க வேண்டும், அல்லது பாடவே இல்லாமல் இருக்க வேண்டும்.

ஜனவரி 9, புதன்

இவர் விசாரித்துக்கொண்டு வந்தார்.

"ஹேண்டிகேம்ல படத்தச் சுருட்டி வைக்கது ஒரு மாதிரி, சத்தத்தச் சுருட்டி வைக்கது வேற மாதிரியாம். ஒன் போனுக்குப் படத்தப் பிரிக்கத் தெரியும், சத்தத்தப் பிரிக்கத் தெரியல. அதுக்குக் கோடெக்குன்னு ஒண்ணு தனியா போடணுமாம்."

"போட்டாச் சரியாயிருமா?"

"ஆயிரும்ங்காங்க. எதுக்கு இந்தப் பாடு? அந்தப் பிள்ளையப் பாடச் சொல்லிக் கேட்டா பாடிட்டுப் போகுது."

இந்த வீட்டில் முப்பது வருஷம் இருந்தும் மனிதருக்கு என்னைத் தெரியவில்லை.

ஜனவரி 12, சனி

பிராக்டிஸ். ஹெப்சிபா முந்திரிக்கொத்து கொண்டுவந்தாள். பாகு பதம் சரியாக இருந்தது.

அவளுக்கு இருபத்தொன்பது வயது. புருஷனுக்கு பேங்கில் மாற்றலாகி, போன ஜூனில்தான் இந்த ஊருக்கு வந்தாள். கொசுவம் விசிறி மாதிரி நிற்கிறது. பாட்டுப் புத்தகத்தைப் பார்க்காமல் பாடுகிறாள். தாமதமாக வருவதில்லை, யாரைப் பற்றியும் பேசுவதில்லை. ஒன்றே முக்கால் மணி நேரம், கீழ்க்குரல் பாடும் ஆல்டோ வரிசையில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தேன். ஒரு குறை கண்டுபிடிக்க முடியவில்லை. இது இயற்கையாக இல்லை.

நான் ஆல்டோவுக்கு வந்ததும் இவளால்தான். போன வருஷம் ஜனவரியில் சார் என்னைக் கூப்பிட்டு, "கொஞ்ச நாள் கொரலுக்கு ரெஸ்ட் குடுங்க டீச்சர், ஆல்டோல ஆள் கொறையுது" என்றார். ஹெப்சிபா வந்தது ஜூனில் என்றால் கணக்கு இடிக்கிறதே என்று இவர் கேட்டார். இடிக்கட்டும். இப்படி ஒருத்தி வரப்போகிறாள் என்று சாருக்கு முன்பே தெரிந்திருக்கும். போன ஈஸ்டருக்குத் தனிப்பாடலே வைக்காமல் எல்லாரையும் சேர்ந்து பாட வைத்தார். அது வேறு விஷயம்.

டாக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரை தீர்ந்துவிட்டது. சத்தமாகப் பேசக்கூடாது என்கிறார். நாற்பது பிள்ளைகளுக்குக் காஜா தையல் சொல்லிக் கொடுக்கிறவளிடம் சொல்கிற பேச்சா.

ஜனவரி 17, வியாழன்

பொங்கல் விடுமுறை. கோடெக் போடுவதென்று உட்கார்ந்தேன்.

முதலில் வீடியோ பிளேயரின் வெர்ஷன் எண்ணைக் கண்டுபிடிக்க வேண்டும். பிறகு போனுக்குள் இருக்கும் பிராசசர் எந்த ஜாதி என்று பார்க்க வேண்டும். கோடெக்கில் ஏழெட்டு வகை இருக்கிறது, பெயரெல்லாம் மருந்துச் சீட்டு மாதிரி. பெரிய எண் போட்டது நல்லதாக இருக்கும் என்று 64 என்று இருந்ததைத் தொட்டேன். போனில் இடம் இல்லை என்றது. விளையாட்டு விழாப் படங்களை அழித்தேன். மைத்துனி வீட்டுப் புதுமனை புகுவிழாவை அழித்தேன். இன்னும் இடம் இல்லை. கடைசியில் ஹெப்சிபாவையே அழித்தேன். பென் டிரைவில் இருக்கிறது, மறுபடி எடுத்துக்கொள்ளலாம். அழித்தபோது கொஞ்சம் சந்தோஷமாக இருந்ததை மறைக்கவில்லை.

கோடெக் இறங்கியது. பிளேயர் அதைப் பார்த்துவிட்டு, இது உங்கள் சாதனத்துக்குப் பொருந்தாது என்றது. இரண்டு மணி நேரம் போனது. சாம்பார் அடிப்பிடித்தது.

ஜனவரி 19, சனி

எழுதவே கூச்சமாக இருக்கிறது. அவளிடமே கேட்டேன்.

அவள் போனில் எல்லாம் வேலை செய்கிறது. மற்றவர்களுக்கும் சரி பண்ணிக் கொடுக்கிறாள். பிராக்டிஸ் முடிந்ததும், "எங்க நாத்தனார் மக கல்யாண வீடியோ, சத்தமே வர மாட்டேங்கு" என்று நீட்டினேன்.

"இங்க குடுங்கக்கா. நீங்க 64 எறக்கியிருக்கீங்க. இந்த போனுக்கு அது இல்ல, நியான்னு ஒண்ணு இருக்கு, அதான் சேரும்." பேசிக்கொண்டே இறக்கினாள், பிளேயரை மூடித் திறந்தாள், எதையோ மாற்றினாள். ஐந்து நிமிஷம். "இனி சத்தம் வரும்க்கா. படம் கொஞ்சம் தெணறினா சொல்லுங்க, பாப்போம்."

"ரொம்ப நன்றிம்மா."

"கல்யாணப் பாட்டு நீங்கதான் பாடுனீங்களாக்கா?"

இல்லை என்றேன். என் பொய்க்குள் அவள் எனக்கு ஒரு பாட்டு வேறு ஏற்பாடு செய்கிறாள்.

ஜனவரி 20, ஞாயிறு

மத்தியான ஆராதனைக்குப் பிறகு, இவர் தூங்கினதும், பென் டிரைவைச் செருகினேன். ஃபோல்டரைத் திறந்து 00007-ஐ மறுபடி போனில் ஏற்றினேன். சத்தம் வந்தது. படம் போய்விட்டது. திரை முழுக்கப் பச்சையும் சாம்பலுமாகக் கட்டங்கள்தான் நெளிந்தன. போகட்டும், எனக்குப் படம் எதற்கு. அவள் மூஞ்சியைத்தான் வாரா வாரம் பார்க்கிறேனே.

கர்த்தர் நல்லவர்.

முதல் அடி பரவாயில்லை. இரண்டாம் அடியிலேயே மூச்சு வாங்குகிறது. 'தொட்டிலிலே' என்ற சொல்லை நடுவில் வெட்டி மூச்சு எடுக்கிறாள், என் பள்ளிக்கூடத்தில் ஆறாம் வகுப்புப் பிள்ளை கூட அப்படிச் செய்யாது. குரலில் ஒரு கரகரப்பு, வெங்கலப் பாத்திரத்தை மணலில் தேய்ப்பது மாதிரி. பிறகு அந்த 'வா'. ஏறவில்லை. அரைச் சுருதி கீழேயே நின்று, நடுங்கி, மேலே போகிற மாதிரிப் பாசாங்கு செய்து, இறங்கிவிட்டது.

இதற்கா புல்லரித்தது?

பின்னால் ஆர்மோனியம் கேட்கிறது. ஆகஸ்டில் கீபோர்டு வாங்கின பிறகும் சார் ஏன் பழைய ஆர்மோனியத்தை எடுத்தார்? அவளுக்குக் கீபோர்டோடு ஒத்துப்போகவில்லை போலும்.

நான்கு தடவை கேட்டேன். இருபத்தொன்பது வயதிலேயே இப்படி ஒரு கிழட்டுக் குரலா என்று பரிதாபமாக இருந்தது. நிஜமாகவே பரிதாபம்தான். இரண்டு முந்திரிக்கொத்து சாப்பிட்டேன்.

ஜனவரி 21, திங்கள்

கடைசி வரிசைப் பிள்ளைகள், டீச்சர் பேசுவது கேட்கவில்லை என்றார்கள். வகுப்பில் ஃபேன் ரொம்பச் சத்தம் போடுகிறது, எழுதிக் கொடுக்க வேண்டும்.

பிப்ரவரி 3, ஞாயிறு

யாராவது அவளிடம் சொல்லத்தான் வேண்டும். ஊரெல்லாம் தூக்கி வைத்து ஆடி ஒரு பிள்ளையைக் கெடுக்கிறார்கள். சார் காதில் இது விழாமல் இருந்திருக்காது, மனிதருக்கு இரக்கம் அதிகம், அதுதான் பேசாமல் இருக்கிறார். என் குரல் இப்படி ஆகி, யாராவது முகத்துக்கு நேரே வந்து சொல்லியிருந்தால், நான் அவர்களுக்கு நன்றி சொல்லியிருப்பேன்.

மார்ச் 6, சாம்பல் புதன்

லெந்து தொடங்கிவிட்டது, ஈஸ்டர் வரை நாற்பது நாள் நோன்பு. இந்தச் சனிக்கிழமை ஈஸ்டர் தனிப்பாடல் யாருக்கு என்று சார் சொல்லிவிடுவார். அவளுக்குப் போய்விட்டால் பிறகு அது அவளுடையதுதான், நான் சாகிறவரை ஆல்டோ. லெந்து காலத்தில் பொறாமை கூடாது. இது பொறாமை இல்லை, சுருதி.

மார்ச் 9, சனி

மற்றவர்கள் வருமுன் போய்விட்டேன். பாடகர் அறையில் சார் மட்டும் புத்தகங்களை அடுக்கிக்கொண்டிருந்தார். வீடியோவைப் போனில் போட்டு மேசையில் வைத்தேன். பச்சைக் கட்டங்கள் நெளிந்தன, பாட்டு வந்தது. சார் கண்ணை மூடிக்கொண்டார். 'வா' முடிகிறவரை திறக்கவில்லை.

"இது எங்க கெடச்சிது டீச்சர்?"

"ஒங்க பென் டிரைவ்லதான் சார். கிறிஸ்மஸ்ல ஹெப்சிபா பாடினது. கோள் சொல்ல வரல. ஈஸ்டருக்குப் போடுறதுக்கு முன்ன ஒரு தடவ கேட்டுக்கிடுங்கன்னுதான்."

"ஹெப்சிபாவா?" என்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அழுக்கு ஒன்றும் இல்லாத கண்ணாடி.

அப்போதுதான் ஹெப்சிபா கதவுப் பக்கம் நிற்பதைப் பார்த்தேன். எப்போது வந்தாள் என்று தெரியவில்லை, கடைசி அடி அவள் காதில் விழுந்திருக்கிறது. சாரைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள், கொஞ்சம் அதிக நேரம்.

சார், "ஏம்மா, இது..." என்று ஆரம்பித்தார்.

"ஆமா சார், நான்தான்" என்றாள். "அன்னைக்கு எனக்குத் தொண்ட கட்டியிருந்துச்சு. அக்கா சொல்லுதது சரிதான். ஈஸ்டருக்கு அக்காவே பாடட்டும்."

அவ்வளவு சீக்கிரம் ஒத்துக்கொள்வாள் என்று நான் எதிர்பார்க்கவில்லை. சார் அவளைப் பார்த்தார். பிறகு, "சரி டீச்சர், நீங்களே பாடுங்க. நான் சுருதிய ஒரு கட்டை எறக்கி வாசிக்கேன்" என்றார். எதற்கு இறக்க வேண்டும்? சாருக்கும் வயதாகிறது, விரல் ஓடாது.

மார்ச் 10, ஞாயிறு

கோழி வாங்கிக் குழம்பு வைத்தேன். லெந்தில் கோழியா என்றார் இவர். சாப்பிட்டார்.

மார்ச் 14, வியாழன்

பள்ளிக்கூடத்திலிருந்து வந்து காபி போட்டுக்கொண்டிருந்தேன். இவர் என் போனை நோண்டிக்கொண்டிருந்தார். பச்சைக் கட்டம் இவருக்கு ஒரு வாரமாக உறுத்தல், எந்த மீட்டரும் ஓடாமல் நின்றால் இவருக்குப் பொறுக்காது. பிளேயரின் ஓரத்தில் இருந்த ஒரு எழுத்தைத் தொட்டு எதையோ மாற்றியிருக்கிறார்.

"பியூலா, இங்க வா. படம் வந்துட்டு. நீ அழகா இருக்க."

ரவிக்கையைத்தான் முதலில் அடையாளம் கண்டேன். கடுகு நிறத்தில், கை ஓரத்தில் அரக்குப் பைப்பிங். என் தையல். அதற்கு மேலே என் கழுத்து. நரம்பு புடைத்திருந்தது.

இரண்டு ஃபோல்டர்கள். இரண்டிலும் ஒரு 00007. அழித்துவிட்டு மறுபடி எடுத்தபோது, அதற்கு முந்தின வருஷம் நான் பாடிய கிறிஸ்மஸைத் திறந்திருக்கிறேன்.

சோறு இறங்கவில்லை என்று எழுதினால் பொய். சாப்பிட்டேன்.

சாருக்கு முதல் அடியிலேயே தெரிந்துவிட்டது. அவளுக்குக் கடைசி அடியிலேயே தெரிந்துவிட்டது. அந்த அறையில் என் குரல் யாருடையது என்று தெரியாதவள் நான் ஒருத்திதான். ஜனவரி 20-இல் என்ன எழுதினேன் என்று திருப்பிப் பார்த்தேன். வெங்கலப் பாத்திரம். கிழட்டுக் குரல். கிழித்துவிடலாம் என்று தாளைப் பிடித்தேன், கிழிக்கவில்லை. கேட்டதைத்தானே எழுதினேன், எல்லாம் சரியாகத்தான் இருக்கிறது.

மார்ச் 15, வெள்ளி

மற்ற ஃபோல்டரில் இருக்கும் 00007-ஐப் படத்தோடும் சத்தத்தோடும் பார்த்தேன். ஒரு தடவைதான் பார்த்தேன். புல்லரித்தது. ஃபேன் ஓடவில்லை, குளிரும் இல்லை.

கோபமாக வருகிறது. அவள் யார் எனக்காகப் பொய் சொல்ல? குரல் ஒன்றுதான் என்னைவிட அதிகம் என்று நினைத்து இத்தனை மாதம் எரிந்துகொண்டிருந்தேன். நான் அவள் இடத்தில் இருந்தால் என்ன செய்திருப்பேன் என்று எனக்குத் தெரியும். "அக்கா, அது நீங்க" என்று எல்லாரும் வருகிறவரை காத்திருந்து சொல்லியிருப்பேன். இதற்கு ஒரு கோடெக் இருந்தால் தேவலை.

மார்ச் 16, சனி

முன்னதாகவே போனேன். சார் தனியாக இருந்தார்.

"போன வருஷம் ஜனவரியிலயே இதக் கேட்டுட்டீங்க, இல்லையா சார்?"

"கேட்டேன் டீச்சர்."

"ஏன் எங்கிட்ட சொல்லல?"

"பத்தொம்பது வருஷம் பாடுன கொரலுட்டப் போய் எப்படிச் சொல்ல? ரெஸ்ட் குடுங்கன்னு சொன்னேன். நீங்க அது தொண்டைக்குன்னு நெனச்சிட்டீங்க."

சொல்லியிருந்தால் நன்றி சொல்லியிருப்பேன் என்று முன்பு எழுதினேன் அல்லவா. அழுதேன். சார் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார், அதற்கு மட்டும் நன்றி.

ஹெப்சிபா வந்ததும் என் பாட்டுப் புத்தகத்தை அவளிடம் நீட்டினேன். "இதப் பிடி. பென்சில் கோடு போட்ட எடம் மூச்சு எடுக்க வேண்டிய எடம். வட்டம் போட்டது நான் தப்பா எடுத்த எடம், நேத்துதான் போட்டேன். ஈஸ்டருக்கு நீதான்."

"அக்கா, அன்னைக்கு எனக்கு நெஜமாவே தொண்ட..."

"பேசாத. சாம்பல் புதன் கழிஞ்சு மூணாம் நாளே கோயில்ல நின்னு பொய் சொல்லியிருக்க. அதுக்கு நீதான் ஜெபம் பண்ணிக்கிடணும்."

சிரித்தாள். பல் வரிசை கூட ஒழுங்காக இருக்கிறது.

மார்ச் 30, சனி

தொண்டை டாக்டர். முடிச்சு இருக்கிறதாம், பயப்பட ஒன்றும் இல்லையாம், மேல் ஸ்தாயியை மறந்துவிடச் சொன்னார். ஆல்டோ பாடலாம்.

ஏப்ரல் 21, ஈஸ்டர்

அதிகாலை ஆராதனை. காய்ச்சல் இல்லை. பார்க்கவும் இல்லை.

ஹெப்சிபாவுக்கு நேர் பின்னால் எனக்கு இடம். குரல் மேலே ஏறும் இடத்துக்கு முன்னால், நான் கோடு போட்ட இடத்தில் மூச்சு எடுத்தாள். ஏறினாள். அங்கே நின்றாள். கோயிலில் ஒரு இருமல் கூட இல்லை. எனக்கு வயிறு எரிந்தது, ஜனவரியில் எரிந்த அளவுக்கே எரிந்தது, குறைந்ததாகச் சொன்னால் இந்த நோட்டுப் புத்தகம் நம்பாது. ஆல்டோ சேர வேண்டிய இடம் வந்ததும் சேர்ந்தேன்.

வெளியே வந்ததும், கிறிஸ்மஸில் புல்லரித்தவர்களில் ஒருத்தி கேள்வியோடு நின்றாள். "ஹெப்சிபா எப்படி, டீச்சர்?"

"நல்லா பாடினா" என்றேன். வாய்விட்டுச் சொல்லியாயிற்று.

பாட்டு முழுக்க அவள் முதுகுதான் எனக்குக் கண்ணுக்கு நேரே இருந்தது. வெள்ளை ரவிக்கையில், இடது தோள்பட்டைக்குக் கீழே, தையல் ஒரு விரற்கடை விட்டிருந்தது. இத்தனை மாதமாகத் தேடிய குறை, கடைசியில் கிடைத்துவிட்டது. யாரும் பார்க்குமுன் என் சேலைப் பின்னைக் கழற்றி அங்கே குத்திவிட்டேன். செவ்வாய்க்கிழமை வீட்டுக்குக் கொண்டு வரச் சொல்லியிருக்கிறேன்.